டாக்டர் டௌவர்ன் நடிகரா?

உங்கள் கேள்வியை நான் புரிந்துகொண்டது இப்படி. 1920-ல் வந்த ஜெர்மன் பனிச்சறுக்கு ஊமைப்படம் ஒன்றைப் பற்றித் தேடியிருக்கிறீர்கள். பெயர்ப் பட்டியலில் ‘டியோடாட்டுஸ் டௌவர்ன்’ என்று ஒருவர் கண்ணில் பட்டிருக்கிறார். நடிகர்களுக்கான பட்டியல்களில் தேடினால் விரல்விட்டு எண்ணும் படங்களுக்கு மேல் அவர் இல்லை, 1926-க்கு அப்புறம் சுத்தமாகக் காணோம். பேசும்படம் வந்ததும் வாய்ப்பு போய் ஒதுங்கிவிட்ட நடிகரோ என்று கேட்கிறீர்கள். அந்த மாதிரி பழைய மலைப்படங்களில் தூரத்தில் கரும்புள்ளியாகச் சறுக்கி வரும் நாலைந்து பேரில் இவரைப் பிரித்துச் சொல்ல முடியுமா என்பது இரண்டாவது கேள்வி. இதையெல்லாம் ஆவணப்படம் என்றுதான் சொல்வதா என்று போகிற போக்கில் மூன்றாவதாக ஒன்றும் கேட்டிருக்கிறீர்கள். அதுதான் மூன்றிலும் கஷ்டமானது.

முதலாவதற்கு உடனே சொல்லிவிடலாம். டௌவர்ன் ஒதுங்கவில்லை, 1926-ல் இறந்துவிட்டார். பிறந்தது 1885, அதனால் நாற்பதைத் தொட்ட வயதுதான். அவர் நடிகரும் இல்லை. நடிகர் என்ற பெட்டியில் தேடினதால்தான் அவர் உங்களுக்குத் துண்டு துண்டாகக் கிடைத்திருக்கிறார்.

நான் யார் என்பதையும் சொல்லிவிடுகிறேன், எவ்வளவு நம்பலாம் என்று நீங்களே எடைபோட்டுக்கொள்ளலாம். பழைய படச்சுருளை மேசையில் விரித்து, சட்டகம் சட்டகமாக, அதாவது சுருளில் உள்ள ஒவ்வொரு தனிப் படமாகப் பார்த்து, என்ன படம், எந்த இடம், யார் யார் என்று குறிப்பு எழுதுவது என் பிழைப்பு. இருபது வருஷத்துக்கு மேல் ஆகிறது. அதற்கு முன்னால் லேபில் நெகட்டிவ் கட்டிங் செய்தேன். பனிச்சறுக்கு எனக்குத் தெரியாது. வாழ்க்கையில் பனியில் நின்றது இரண்டு தடவை, இரண்டாவது தடவை நிற்கவும் இல்லை, விழுந்தேன். ஆகவே படச்சுருள், கேமரா பற்றி நான் சொல்வதைத் தைரியமாக எடுத்துக்கொள்ளுங்கள். சறுக்கும் பாணிகளைப் பற்றிச் சொல்வதை ஸ்கீ (காலில் கட்டும் பனிச்சறுக்குப் பலகை) தெரிந்தவர் யாராவது திருத்தினால் சந்தோஷமாக ஏற்றுக்கொள்வேன்.

ஓடோ டியோடாட்டுஸ் டௌவர்ன். பெயரே ஒரு வேடிக்கை. டியோடாட்டுஸ் என்றால் லத்தீனில் ‘கடவுள் கொடுத்தவன்’, நம் பக்கத்துப் பெயரில் சொன்னால் தேவதத்தன். டௌவர்ன் என்பது ஆஸ்திரியாவில் உள்ள ஒரு மலைத்தொடரின் பெயரும்கூட. மலைப்படக்காரருக்குப் பேர் வைக்கச் சொன்னாலும் இதைவிடப் பொருத்தமாக வைத்திருக்க முடியாது.

படித்தது இயற்பியல். மின்புலத்தில் வைத்த கண்ணாடி ஒளியை எப்படி மாற்றுகிறது என்ற கெர் விளைவைப் பற்றி 1910-ல் ஒரு ஜெர்மன் இயற்பியல் ஆய்விதழில் அவர் எழுதிய கட்டுரை இருக்கிறது. அதே ஆண்டு ஃப்ரைபர்க் நகரத்திலிருந்து மொலுக்காஸ் தீவுகளுக்குக் கிளம்பிய ஆய்வுப் பயணத்தில் சேர்ந்துகொண்டார். இன்றைய இந்தோனேசியாவின் கிழக்குக் கோடி அது. தலைவர் கார்ல் டெனிங்கர், நிலவியலாளர். பறவைகளுக்கு எர்வின் ஸ்ட்ரேசமான் என்ற இருபது வயதுப் பையன், பின்னாளில் பறவையியலில் பெரும் பெயர் எடுத்தவர். அந்தப் பயணத்தில்தான் 1911-ல் பாலித் தீவில் வெள்ளை மைனாவை ஸ்ட்ரேசமான் கண்டெடுத்தார். இன்றைக்கு அழிவின் விளிம்பில் நிற்கிற அதே பாலி மைனா. டௌவர்ன் பங்குக்கு வந்தது மனிதர்கள். செராம் தீவின் மக்களைப் பற்றி அவர் எழுதிய நூல் 1918-ல் லைப்சிக்கில் வெளியானது. அந்தத் தீவு மக்கள் தங்களை ஒன்பதின் பிரிவு, ஐந்தின் பிரிவு என்று இரண்டாகப் பகுத்துக்கொள்வார்கள். பட்டசிவா, பட்டலிமா என்ற அந்த இரண்டு பெயர்கள்தான் நூலின் தலைப்பே. உங்களுக்குக் கிடைக்காத டௌவர்ன் இங்கே இருக்கிறார். இனவியல் நூலகங்களில் தேடினால் வருவார், சினிமாப் பட்டியலில் வரமாட்டார்.

சரி, இவர் எப்படிப் பனிமலைக்கும் கேமராவுக்கும் வந்தார்? ஃப்ரைபர்க் என்ற ஊரைப் புரிந்துகொண்டால் போதும். கருங்காட்டு மலைகளின் அடிவாரத்தில் இருக்கும் பல்கலைக்கழக நகரம். பக்கத்திலேயே ஃபெல்ட்பெர்க், 1493 மீட்டர். அந்த மலைமேல் ஸ்கீ போட்டுக்கொண்டு முதலில் ஏறியது 1891-ல். அதே வருஷம் பக்கத்து டோட்னவ் ஊரில் ஸ்கீ சங்கமும் தொடங்கிவிட்டார்கள். ஆக, 1910 வாக்கில் அந்த ஊர் மாணவர்களுக்கும் ஆய்வாளர்களுக்கும் ஸ்கீ என்பது நம் ஊர்ப் பையன்களுக்கு சைக்கிள் மாதிரி. இன்னொரு பக்கம், வெல்ட்-கினமட்டோகிராஃப் என்ற படக்கம்பெனியும் அதே ஊரில் இருந்தது. ஊர் ஊராகச் சுற்றிச் செய்திப்படமும் இயற்கைக் காட்சிப்படமும் எடுத்து விற்ற கம்பெனி. ஸ்கீ தெரிந்த படிப்பாளிகளும், வேலைக்கு அலையும் கேமராக்காரர்களும் ஒரே தெருவில் நடமாடின ஊர் அது. மற்றது தானாக நடந்தது.

1913-ல் அந்தக் கம்பெனியின் கேமராவோடு ஒரு குழு ஸ்கீ கட்டிக்கொண்டு மோன்டே ரோசாவில் ஏறியது. சுவிட்சர்லாந்தின் உச்ச மலை, இன்றைய அளவுப்படி 4634 மீட்டர். படத்தின் தலைப்பிலேயே ‘4628 மீட்டர் உயரத்தில் ஸ்கீயில்’ என்று போட்டார்கள். கேமராவின் கைப்பிடியைச் சுற்றியவர் செப் அல்கையர், அப்போது பதினெட்டு வயது. அவர் முன்னால் ஏறியவர்களில் டௌவர்ன், ஹான்ஸ் ரோடெ, நிலவியல் படித்துக்கொண்டிருந்த ஆர்னால்ட் ஃபாங்க். இந்த ஃபாங்க்தான் பிறகு ‘மலைப்படம்’ என்ற வகையையே உருவாக்கியவர் என்று சினிமா வரலாறு சொல்கிறது. அவர் கேமராவைக் கிட்டத்தில் பார்த்ததே அந்த ஏற்றத்தில்தான்.

இங்கே ஒரு நிமிஷம் நின்று, அந்த ஏற்றத்தில் ஒரு ‘ஷாட்’ என்பது என்ன பாடு என்று பார்க்கலாம், இது எனக்குத் தெரிந்த இடம். அந்தக் காலக் கேமரா கையால் சுற்றுவது. ஒரு சுற்றுக்கு எட்டுச் சட்டகம், நொடிக்கு இரண்டு சுற்று, ஆக நொடிக்குப் பதினாறு. ஒரு மீட்டர் பிலிமில் சுமார் 52 சட்டகம் இருக்கும். 60 மீட்டர் சுருள் போட்டால் மூன்றேகால் நிமிஷத்தில் தீர்ந்துபோகும். தீர்ந்ததும் கையுறையைக் கழற்றிவிட்டு, காற்றில் விரல் மரத்துப்போவதற்குள் மாற்ற வேண்டும். குளிரில் பிலிம் அப்பளம் மாதிரி நொறுங்கும். கேமராவுக்குள் போட்ட எண்ணெய் இறுகிவிடும். வறண்ட குளிர்க்காற்றில் வேகமாக உருவினால் பிலிமில் நிலைமின்சாரம் பொறிந்து, பிரதி போட்டுப் பார்க்கும்போது மரத்தின் வேர் மாதிரி வெள்ளைக் கிளைகள் ஓடியிருக்கும். அந்தக் கிளைகளை நான் எத்தனையோ சுருளில் பார்த்திருக்கிறேன். பழசானதால் வந்த கோளாறு என்று பலர் நினைப்பார்கள், இல்லை, படம் எடுத்த அன்றைக்கே விழுந்தது. அப்புறம் அன்றைய பிலிம் சிவப்பைப் பார்க்காது, நீலத்தை அளவுக்கு மீறிப் பார்க்கும். நீல வானம் வெள்ளையாக விழும். பனியும் வெள்ளை, வானமும் வெள்ளை, நடுவில் வெயிலில் சிவந்த முகம் கரிக்கட்டை. இதனால்தான் மஞ்சள் வடிகட்டி போட்டு, சூரியன் தாழ்ந்திருக்கும் நேரமாகப் பார்த்து, வெளிச்சம் வரும் பக்கமாகக் கேமராவைத் திருப்பினார்கள். அப்போதுதான் பனியில் மேடுபள்ளம் தெரியும். அழகுக்காக என்று எழுதுகிறார்கள். அழகும்தான், ஆனால் வேறு வழியும் இல்லை.

இந்த நிலைமையில் நடிகரை எங்கே கூட்டிப்போவது? முக்காலி சுமப்பவர், கயிறு கட்டுபவர், கேமராவுக்கு முன்னால் சறுக்குபவர், இரவில் குடிசையில் பிலிம் மாற்றுபவர் எல்லாரும் அதே நாலு பேர். காலையில் கேமராவுக்குப் பின்னால் இருந்தவர் மத்தியானம் முன்னால் இருப்பார். நாடகத்தில் நடிப்பவர் என்ற அர்த்தத்தில் இவர்களை நடிகர் என்பது, கல்யாண வீடியோவில் பந்தி பரிமாறுகிறவரை நடிகர் என்பது மாதிரி.

போர் முடிந்து 1920-ல் ஃபாங்க், டௌவர்ன், பெர்ன்ஹார்ட் ஃபில்லிங்கர் முதலானோர் சேர்ந்து ஃப்ரைபர்க்கில் ஒரு படக்கம்பெனி தொடங்கினார்கள். மலை, விளையாட்டுப் படம் மட்டுமே எடுக்கும் கம்பெனி என்று பெயரிலேயே சொன்னது அது. ஃபில்லிங்கர் மருத்துவர். 1913-ல் வடதுருவப் பக்கம் ஸ்பிட்ஸ்பெர்கனில் தொலைந்துபோன ஜெர்மன் குழுவைத் தேடிப்போன மீட்புப் பயணத்தில் இருந்தவர், அல்கையரும் அதில் கூட இருந்தார். ஒரு நிலவியலாளர், ஒரு இனவியலாளர், ஒரு மருத்துவர். சினிமாக் கம்பெனி என்பதைவிட மருத்துவமனை வாசலில் மாட்டின பெயர்ப்பலகை மாதிரி இருக்கும். நீங்கள் பார்த்த படம் இவர்களுடையது: ‘தாஸ் வுண்டர் தெஸ் ஷ்னேஷூஸ்’, அதாவது ஸ்கீயின் அற்புதம். இயக்கம் என்ற இடத்தில் ஃபாங்க், டௌவர்ன் இருவர் பெயரும் இருக்கின்றன. வினியோகஸ்தர்கள் வாங்க மறுத்ததால் தாங்களே அரங்கம் வாடகைக்கு எடுத்து ஊர் ஊராகக் காட்டினார்கள். கூட்டம் வந்தது.

அந்தப் படத்தின் புதுமை மெதுவோட்டம். நொடிக்கு நூற்றுக்கணக்கில் சட்டகம் எடுக்கும் எர்னமான் கேமராவைப் பனிக்குக் கொண்டுபோனார்கள். ஜெர்மனில் மெதுவோட்டத்துக்கு ‘ஸைட்லூப்பெ’ என்று பெயர், காலத்துக்குப் பூதக்கண்ணாடி. ஸ்கீக்காரர் திரும்பும்போது முழங்கால் எப்போது மடங்குகிறது, எடை எந்தக் காலுக்குப் போகிறது என்று கண்ணால் பிடிக்க முடியாததை அது காட்டியது. ஒளியியல் படித்த ஒரு இயற்பியலாளர் குழுவில் இருந்தார் என்பதும், இவர்கள் இந்தக் கருவியைத் தேடிப்போனார்கள் என்பதும் தொடர்புடையதா? எனக்கு அப்படித் தோன்றுகிறது. ஆனால் இது வெறும் ஊகம், எங்கேயும் எடுத்தாளாதீர்கள். உறுதியானது கருவியும், அது எடுத்த காட்சிகளும்தான்.

இதே மாதிரி, ‘இயக்கம்: இருவர்’ என்ற வரியை வைத்து யார் எந்தக் காட்சியை எடுத்தார்கள் என்று பிரிக்கப் பார்க்காதீர்கள். இந்தக் குழுவைப் பற்றி இன்று நாம் சொல்லும் கதைகளில் பெரும்பகுதி ஃபாங்க் எழுதினது. அவருடைய நினைவுக் குறிப்பு 1973-ல் வந்தது, அவர் சாவதற்கு முந்தின வருஷம். ஐம்பது வருஷம் கழித்து ஒருவர் எழுதும்போது கதையின் நடுவில் அவரே நிற்பது இயல்பு. 1926-ல் செத்துப்போனவர் எழுந்துவந்து ‘அந்த ஷாட் என்னுடையது’ என்று சொல்லப்போவதில்லை. ஃபாங்க் பொய் சொன்னார் என்று நான் சொல்லவில்லை. ஒரே சாட்சி உள்ள வழக்கு அது, அவ்வளவுதான்.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. சறுக்கி வருபவர்களில் ஆளை அடையாளம் காண முடியுமா? முகத்தை வைத்து முடியாது. கண்ணாடி, குல்லா, எரிந்த முகம், தூரம். முகம் பொருந்துகிறது என்று யாராவது உறுதியாகச் சொன்னால், அவருக்கு அந்த ஆளைப் பிடித்திருக்கிறது என்று மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். உடம்பை வைத்து ஓரளவு முடியும். அன்றைக்கு மூன்று பாணி இருந்தன. நார்வேக்காரர்களின் டெலிமார்க்கில் ஒரு ஸ்கீ முன்னால் போகும், பின்னங்கால் முட்டி தாழ்ந்து குதிகால் தூக்கியிருக்கும், கோயிலில் அரைமண்டி போடப்போகிறவர் மாதிரி. ஆஸ்திரியாவில் ஸ்டார்ஸ்கி என்பவர் உருவாக்கிய பாணியில் கையில் ஒரே ஒரு நீளக் கம்புதான். மூன்றாவது ஹன்னெஸ் ஷ்னைடருடைய ஆர்ல்பெர்க் பாணி: உடம்பை நன்றாகத் தாழ்த்திக் குந்தினாற்போல வந்து, குதிகால்களைப் பின்னால் விரித்து வேகம் குறைத்து, அப்படியே சுழன்று திரும்புவார். ஷ்னைடர் 1890-ல் ஆர்ல்பெர்க் கணவாய்ப் பக்கத்து ஸ்டூபன் ஊரில் பிறந்தவர். 1907-லிருந்து சாங்க்ட் அன்டோனில் ஸ்கீ ஆசிரியர். இந்தப் படம் அவரை உலகம் முழுக்கக் கொண்டுபோனது. எந்தக் காட்சியிலாவது ஒருவர் மற்றவர்களைவிட அரையடி தாழ்வாக, பூனை மாதிரி வந்தால், ஷ்னைடர் என்று எழுத எனக்குத் தயக்கமில்லை. டௌவர்னுக்கு அப்படி ஒரு கையெழுத்து கிடையாது. அவர் நன்றாகச் சறுக்கத் தெரிந்த ஒரு ஃப்ரைபர்க் டாக்டர், அந்த ஊரில் அப்படி நிறையப் பேர். ஆகவே குழுக் காட்சியில் இருக்கிறார் என்பதோடு நிற்க வேண்டும். மூன்றாவதாக வருகிறவர் இவர் என்று விரல் வைக்க முடியாது.

ஃபாங்கின் 1921-ம் ஆண்டுப் படமான ‘இம் காம்ஃப் மிட் டெம் பெர்கெ’யில் (மலையோடு போராட்டம்) ஷ்னைடரோடு ஒரே கயிற்றில் ஏறும் இல்ஸெ ரோடெயும் டௌவர்ன் மாதிரி நடிகர் பெட்டிக்குள் அடங்காதவர்தான். பனிப்பாறை விளிம்பில் நடந்து காட்டியவர், நடிகைகளின் வரலாற்றில் ஒரு வரிகூட வாங்கவில்லை. அந்தப் படத்துக்கு இசை எழுதியவரோ இருபத்தைந்து வயது பவுல் ஹின்டமித், அதையும் வேறு பெயரில் எழுதினார். பின்னாளில் அவர் பெரியவரானதால் இசைக்குறிப்பைத் தேடிக் காப்பாற்றினார்கள். படத்தைப் பற்றி எழுதுபவர்களும் இசையைப் பற்றித்தான் பக்கம் பக்கமாக எழுதுகிறார்கள்.

ஆவணப்படமா என்ற மூன்றாவது கேள்விக்கு, நான் பார்க்கும் இடம் ஆட்களை அல்ல, பனியை. அடுத்த தடவை இந்த வகைப் படம் ஓடும்போது, ஸ்கீக்காரர் சட்டகத்துக்குள் வருவதற்கு முந்தின ஒரு நொடியைப் பாருங்கள். சரிவு சுத்தமாக இருந்தால் அது முதல் தடவை எடுத்தது. ஏற்கெனவே ஒரு கோடு ஓடியிருந்தால், அவர் இறங்கி, சரியில்லை என்று மேலே ஏறி, மறுபடி இறங்குகிறார். சில சுருளில் ஐந்தாறு கோடு இருக்கும். ஏறும் காட்சி என்றால் இன்னும் வேடிக்கை: உச்சிக்கு முதலில் போகிறவரை உச்சியிலிருந்து கேமரா படம் பிடிக்கிறது, அப்படியென்றால் முதலில் போனது யார்? நான் ஒருமுறை இப்படி ஒரு சுருளில் ‘யாரும் மிதிக்காத சிகரம்’ என்ற எழுத்தட்டைக்கு அடுத்த சட்டகத்திலேயே முக்காலிக் கால் குத்தின மூன்று குழிகளைப் பார்த்தேன். அன்று முழுக்கச் சிரித்துக்கொண்டிருந்தேன். இதனால் படம் பொய்யாகிவிடாது. மலை நிஜம், ஏறினது நிஜம், விழுந்திருந்தால் சாவும் நிஜம். திரும்பச் செய்து காட்டினார்கள், அவ்வளவே. அன்றைக்கு அதை ஏமாற்று என்று யாரும் நினைக்கவில்லை. ‘ஆவணப்படம்’ என்ற சொல்லே இன்றைய அர்த்தத்தில் அப்போது புழக்கத்தில் வரவில்லை.

கதை நுழைந்ததும் படிப்படியாகத்தான். 1922-ல் இரண்டாம் பாகம் போல வந்த படத்தில் ஷ்னைடர் நரி, மற்றவர்கள் சுவிட்சர்லாந்தின் எங்கடின் பள்ளத்தாக்கு முழுக்கத் துரத்துகிறார்கள். கள்ளன் போலீஸ் விளையாட்டுதான், ஆனால் அதற்கே ஒரு கதாபாத்திரம் வந்துவிட்டது. 1924-ல் மலையேறும் குடும்பத்தைப் பற்றிய முழுக்கதை. அதில் தென் டிரோலைச் சேர்ந்த லூயிஸ் டிரெங்கர் வருகிறார். நடிக்கக் கூப்பிட்ட ஆளுக்கு மலையேறத் தெரியாததால், வழிகாட்ட வந்த டிரெங்கரையே நடிக்கவைத்தார்கள் என்று ஒரு கதை சொல்வார்கள். சம்பந்தப்பட்டவர்களே சொன்ன கதை, கேட்கவும் நன்றாக இருக்கிறது, அதனால்தான் எனக்குக் கொஞ்சம் சந்தேகம். 1926 டிசம்பரில் ஊஃபா என்ற பெரிய கம்பெனியின் பணத்தில் எடுத்த ‘புனித மலை’ வருகிறது, நாயகி லேனி ரீஃபன்ஸ்டால் என்ற நடனக்காரி. மலைக்கு நடிகர்கள் வந்த வருஷம் என்று இதைச் சொல்லலாம். டௌவர்ன் இறந்ததும் இதே வருஷம்தான். இரண்டுக்கும் தொடர்பில்லை, தேதிகள் அப்படி அமைந்துவிட்டன. ஆனால் உங்கள் பட்டியலில் அந்த வருஷத்தோடு அவர் பெயர் நிற்பதற்கு இதைத் தாண்டி மர்மம் எதுவும் இல்லை.

இன்னும் தேட நினைத்தால் ஒரு யோசனை. பெயரை முழுசாக, ‘ஓடோ’ சேர்த்துத் தேடுங்கள். ‘டாக்டர் டௌவர்ன்’ என்று மட்டும் தேடினால் மலைத்தொடரும் அதன் பனிச்சறுக்கு விடுதிகளும்தான் வந்து குவியும். சினிமாவை விட்டுவிட்டு, மொலுக்காஸ் பயணம், செராம், ஃப்ரைபர்க் ஸ்கீ சங்கங்கள் என்ற பக்கம் போங்கள். அந்தச் செராம் நூலில் அவர் எடுத்த புகைப்படங்கள் இருக்கின்றன. ஆட்களை எவ்வளவு தூரத்தில் நிறுத்தியிருக்கிறார், வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று பார்த்துவிட்டு, பிறகு 1920 படத்தை மறுபடி ஓட்டிப் பாருங்கள். எதையும் நிரூபிக்க முடியாது. ஆனால் அவருடைய கண் எப்படிப் பார்த்தது என்று தெரிந்துகொள்ள எனக்குத் தெரிந்து அந்தப் புகைப்படங்கள்தான் உண்டு.